அம்மா நடித்த பேசாத படங்கள்

என் அம்மா நடிகையானபோது அவளுக்கு வயது ஐம்பத்தெட்டு. அதற்குச் சில வருடங்கள் முன்பே அவளுக்குக் குரல் போயிருந்தது. இரண்டு குறும்படங்கள், ஒரு பெரிய படத்தில் சின்ன வேடம், பாதியில் நின்றுபோன இன்னொரு குறும்படம். அவ்வளவுதான் அவளுடைய சினிமா வாழ்க்கை. இணையத்தில் தேடினால் அவளைப் பற்றி ஒரு வரி கிடைக்காது. பெரிய படத்தின் முடிவில் பெயர்கள் ஓடும்போது அவள் பெயரும் ஓடும். அதில்கூட ஓர் எழுத்து தப்பு.

முதலில் சோறு இறங்கவில்லை என்றாள். கெட்டியாகப் பிசைந்தால் நெஞ்சில் நிற்கிறது, ரசமாகக் கரைத்தால்தான் போகிறது என்றாள். வாயுத் தொல்லை என்று அப்பா பெருங்காயம் வாங்கிவந்தார். காதுக்குள் வலி வந்து, எச்சில் விழுங்கவே முடியாமல் போனபோதுதான் ஆஸ்பத்திரிக்குப் போனோம். தொண்டைக்குக் கீழே கட்டி. குரல்வளையோடு சேர்த்து எடுத்தாக வேண்டும், இல்லாவிட்டால் உயிருக்கு உத்தரவாதம் இல்லை என்றார் டாக்டர். மூச்சுவிடக் கழுத்தில் ஒரு துளை இருக்கும். பேச்சு இருக்காது. "பேச வேண்டியதெல்லாம் இன்னைக்கே பேசிக்குங்கம்மா" என்று சிரித்த முகமாகத்தான் சொன்னார்.

அன்று சாயங்காலம் ஆஸ்பத்திரிக் கட்டிலில் உட்கார்ந்து அம்மா நிறையப் பேசினாள். பெரிய விஷயம் எதுவும் இல்லை. கேஸ் தீர்ந்துபோகும், புக் பண்ணிவிடு. பால்காரர் தண்ணீர் கலக்கிறார், கேட்டுவிடு. உன் அப்பாவுக்கு வெள்ளைச் சட்டையைத் தனியாகத் துவைக்கத் தெரியாது. உன் பையனுக்குத் தலைமுடி வளர்ந்துவிட்டது, வெட்டிவிடு. நான் சரி சரி என்று சொல்லிக்கொண்டே அவள் துணிகளை மடித்துப் பையில் வைத்தேன். கையில் போன் இருந்தது. பதிவு செய்து வைப்போம் என்று எனக்கும் தோன்றவில்லை, அப்பாவுக்கும் தோன்றவில்லை.

அம்மா பீளமேட்டில் ஒரு நூற்பாலையில், நூலைக் கூம்புகளில் சுற்றும் கோன் வைண்டிங் பிரிவில் வேலை பார்த்தவள். அந்த மில் மூடிப் பல வருடம் ஆகிவிட்டது. இப்போது அந்த இடத்தில் அடுக்குமாடி வீடுகள். மில்லுக்குள் மெஷின் ஓடும்போது காதருகே கத்தினாலும் கேட்காது. அதனால் அங்கே வேலை செய்த பெண்கள் உதட்டை நன்றாக விரித்து, சத்தமில்லாமல் பேசிக்கொள்வார்கள். கையையும் புருவத்தையும் சேர்த்துக்கொள்வார்கள். ஒரு வரிசை மெஷினுக்கு அப்பால் நிற்பவளிடம் மாமியார் சண்டை முழுவதையும் சொல்லி முடித்து, அவள் அழுவதையும் பார்த்துவிடுவார்கள் என்று அம்மா சொல்லியிருக்கிறாள். நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது, விருந்தாளிகள் இருக்கும்போது என்னைத் திட்ட வேண்டுமென்றால் அந்தப் பேச்சில்தான் திட்டுவாள். அப்படித்தான் எனக்கு உதடு படிக்கப் பழகியது.

குரல் போனபின் அம்மா அந்தப் பேச்சுக்குத் திரும்பினாள். கழுத்தில் வைத்துப் பேசும் ஒரு மின்சாரக் கருவியைக் கொடுத்தார்கள். அதில் வந்த சத்தத்தைக் கேட்டு என் பையன் பயந்து அழுதான். அன்றோடு அதை டப்பாவில் போட்டு மூடிவிட்டாள். நானும் அப்பாவும் அவள் உதட்டைப் பார்த்தே புரிந்துகொண்டோம். கடைக்காரரும் பக்கத்து வீட்டுக்காரர்களும்கூட மெல்லப் பழகிக்கொண்டார்கள். அந்த நேரத்தில்தான் கொரோனா வந்தது. வீட்டுக்கு வெளியே எல்லோரும் முகத்தை மூடிக்கொண்டார்கள். அம்மாவும் மூடிக்கொண்டாள். அவளுக்கு மூச்சு கழுத்து வழியாக. ஆனாலும் வாய் தெரிந்தால் மற்றவர்கள் விலகிப் போனார்கள். ஆக, அந்த இரண்டு வருடம் தெருவில் அவளுடைய பேச்சு சுத்தமாக நின்றது. நான் அவிநாசியில் வாழ்க்கைப்பட்டவள், அங்கேயே ஒரு பனியன் கம்பெனி ஆபீசில் வேலை. பஸ் இல்லாத மாதங்களில் வீடியோ காலில்தான் அவளைப் பார்த்தேன். படம் அடிக்கடி உறைந்து நின்றுவிடும். வாக்கியத்தின் நடுவில் அம்மாவின் வாய் திறந்தபடியே நிற்கும்.

எல்லாம் திறந்த பிறகு பீளமேட்டில் எங்கள் வீட்டு மாடிப் போர்ஷனுக்கு நான்கு கல்லூரிப் பெண்கள் குடிவந்தார்கள். அதில் ஒருத்தி தேனிப் பக்கத்துப் பெண். விஷுவல் கம்யூனிகேஷன் படித்தாள். ஒல்லியாக, எந்நேரமும் ஒரு கேமராப் பையைத் தோளில் மாட்டியபடி இருப்பாள். ஒருநாள் மோட்டார் போடச் சொல்லக் கீழே வந்தவள், அம்மா அப்பாவிடம் எதற்கோ சண்டை போட்டுக்கொண்டிருப்பதைப் பார்த்திருக்கிறாள். சத்தமே இல்லாத சண்டை. அம்மா இடுப்பில் கைவைத்து, கண்ணை உருட்டி, உதடு படபடக்கத் திட்டுகிறாள். அப்பா "செரி புள்ள, செரி புள்ள" என்று பின்வாங்குகிறார். மோட்டாரை மறந்துவிட்டு அந்தப் பெண் வாசலிலேயே நின்றிருக்கிறாள்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை நான் போயிருந்தபோது வந்து கேட்டாள்.

"ஆன்ட்டி, நான் ஒரு படம் எடுக்கிறேன். எட்டு நிமிஷம்தான். அதுல வசனமே கிடையாது. நீங்க நடிக்கிறீங்களா?"

அம்மா என்னைப் பார்த்தாள். அப்பாதான் முந்திக்கொண்டார்.

"ஏனுங்க அம்மணி, ஊருல வேற ஆளே இல்லீங்களா? கழுத்துல ஓட்டையோட இருக்கறவளக் கொண்டுபோயி படத்துல காட்டறேங்கறீங்க. பாத்துப்போட்டு நாலு பேரு என்ன சொல்லுவாங்க?"

அந்தப் பெண்ணின் முகம் செத்துவிட்டது. "ஓட்டைய காட்ட மாட்டேன் அங்கிள். எனக்கு ஆன்ட்டி முகம்தான் வேணும்" என்றாள்.

அம்மா அப்பாவின் பக்கம் திரும்பி உதட்டை அசைத்தாள். அப்பா தலையைக் குனிந்துகொண்டார். அந்தப் பெண்ணுக்குப் புரியவில்லை. நான்தான் எடுத்துச் சொன்னேன். "'என்ற மூஞ்சி வேணும்னு இத்தன வருசத்துல யாரு கேட்டாங்க?'ன்னு கேக்கறாங்க."

கதை சின்னது. ஒரு பெண் புதுச் சேலை ஒன்றைக் கடையில் திருப்பிக் கொடுக்கப் போகிறாள். யாருக்காக வாங்கினாளோ அவள் இறந்துவிட்டாள். கடைக்காரருக்குக் காரணம் வேண்டும். இவளால் சொல்ல முடியவில்லை. கறை இருக்கிறதா, நிறம் பிடிக்கவில்லையா என்று அவர் சைகையால் கேட்டுக்கேட்டு வேறு வேறு சேலைகளாக எடுத்துப் பிரித்துப் போடுகிறார். கடைசியில் அவள் தனக்கே ஒன்றை வாங்கிக்கொண்டு திரும்பி வருகிறாள். எங்கள் தெருமுனையில் இருந்த துணிக்கடையில், விடுமுறை நாளில் எடுத்தார்கள். கழுத்துத் துளை மேல் அம்மா எப்போதும் கட்டிக்கொள்ளும் வெள்ளைத் துணி தெரியாமலிருக்க முந்தானையைச் சுற்றிப் போர்த்திவிட்டார்கள்.

நான் ஓரத்தில் நின்று பார்த்தேன். சேலையைக் கடைக்காரர் விரித்துப் போட்டதும் அம்மா அதை ஒரு தரம் தடவினாள். பிறகு கையை இழுத்துக்கொண்டாள். அவ்வளவுதான் செய்தாள். கட் சொல்ல மறந்து அந்தப் பெண் கேமராவுக்குப் பின்னால் நின்றாள். அம்மாதான் அவளைப் பார்த்து, முடிந்ததா என்று புருவத்தைத் தூக்கிக் கேட்டாள்.

வீட்டுக்கு வரும் வழியில் கேட்டேன், "யார நெனச்சும்மா?"

உன் சின்னம்மாவை என்றாள். சின்னம்மா என் பிறப்புக்கு முன்பே இறந்துபோனவள். அம்மாவின் தங்கை. அவளைப் பற்றி அம்மா பேசி நான் கேட்டதே இல்லை.

கல்லூரியில் படத்தைப் போட்டுக் காட்டினார்கள். முடிந்ததும் பிள்ளைகள் எழுந்து நின்று கை தட்டினார்கள். அம்மாவை மேடைக்குக் கூப்பிட்டு யாரோ மைக்கை நீட்டிவிட்டார்கள். அவள் ஒரு கணம் அதை வாங்கிக் கையில் பிடித்துக்கொண்டு நின்றாள். பிறகு பக்கத்தில் நின்ற பையனிடம் பதனமாகத் திருப்பிக் கொடுத்துவிட்டுக் கும்பிட்டாள்.

இரண்டாவது படம் சிரிப்புப் படம். அம்மாவுக்கு மிகவும் பிடித்தது அதுதான். விடியற்காலையில் வாக்கிங் போகிற சாக்கில் அடுத்தவர் வீட்டுக் காம்பவுண்டில் பூப்பறிக்கும் ஒரு பெண். கையில் பிளாஸ்டிக் பை, முகத்தில் பரம சாது. செம்பருத்தி, நந்தியாவட்டை, மல்லி என்று பறித்துக்கொண்டே போகிறவளை ஒரு நாய் துரத்த வேண்டும். எங்கள் தெரு நாயை அதற்கு ஏற்பாடு செய்திருந்தார்கள். அது அம்மா கையால் தினமும் சோறு தின்ற நாய். துரத்தச் சொன்னால் வாலை ஆட்டிக்கொண்டு காலடியில் படுத்துக்கொண்டது. அப்பா மறைவில் நின்று "சூ, புடி" என்று கத்தினார். நாய் திரும்பி அவரைப் பார்த்துக் குரைத்தது. கடைசியில் அப்படியே எடுத்தார்கள். நாய் பின்னாலேயே கொஞ்சிக்கொண்டு வருகிறது. திருடி அதைத் துரத்தப் பார்த்து, முடியாமல், அதற்கும் ஒரு பூவைக் காதில் வைத்துவிட்டுப் போகிறாள்.

அந்தப் படத்தில் அம்மா மல்லிகையை முகர்ந்து பார்த்துக் கண்ணை மூடிக்கொள்வாள். பார்த்த எல்லோரும் அந்த இடத்தைத்தான் சொன்னார்கள். கழுத்து வழியாக மூச்சு விடுகிறவர்களுக்கு மூக்கில் காற்று ஏறாது. அறுவை சிகிச்சைக்குப் பிறகு அம்மாவுக்கு வாசனை என்று எதுவும் தெரியாது. பருப்பு அடிபிடித்தால்கூட நாங்கள்தான் சொல்ல வேண்டும்.

அதற்கு ஒரு போட்டியில் பரிசு கிடைத்தது. அப்பா அந்தக் கேடயத்தை டி.வி. மேல் வைத்து, வருகிறவர்களிடமெல்லாம் "நம்மூட்டு நடிகைங்க" என்று அறிமுகம் செய்ய ஆரம்பித்தார். அம்மா வெளியே போகும்போது சேலைக்குப் பொருத்தமான நிறத்தில் கழுத்துத் துணி கட்டிக்கொண்டாள். அதுவரை வெள்ளைத் துணிதான். அந்த வருடம் எங்கள் வீடு நன்றாக இருந்தது.

தேனிப் பெண் படிப்பை முடித்துச் சென்னைக்குப் போய் ஒரு படத்தில் உதவி இயக்குநராகச் சேர்ந்தாள். போகும்போது அம்மாவைக் கட்டிக்கொண்டு அழுதாள். சில மாதம் கழித்து அவளிடமிருந்து போன் வந்தது. படப்பிடிப்பு சென்னிமலையில். கதாநாயகனுக்கு அம்மா வேண்டும். நாலைந்து காட்சிகள்தான், வசனம் இல்லை. "பேசாத அம்மான்னு டைரக்டர் ஒத்துக்கிட்டார். நான்தான் உங்களைச் சொன்னேன் ஆன்ட்டி" என்றாள். போனைப் பிடித்திருந்த என் கையை அம்மா போனோடு சேர்த்துக் குலுக்கினாள்.

நானும் அப்பாவும் கூடப் போனோம். மலைக்குக் கீழே ஒரு சந்தில், தறி ஓடும் வீடு ஒன்றைப் பிடித்திருந்தார்கள். பக்கத்து வீடுகளிலும் தறி. அந்தச் சத்தத்தில் எங்களுக்குக் காதில் ஒன்றும் விழவில்லை. படப்பிடிப்புக்காரர்கள் ஒருவரையொருவர் கத்திக் கூப்பிட்டுக் களைத்துப்போனார்கள். அம்மாவோ வந்த கொஞ்ச நேரத்தில் அந்த வீட்டுப் பெண்ணோடு உட்கார்ந்து, உதட்டாலேயே எங்கள் குடும்பக் கதையை ஆரம்பித்துவிட்டாள்.

அவளுடைய முக்கியமான காட்சி, மகன் வெளிநாட்டுக்குக் கிளம்புவது. அவன் பையை எடுத்துக்கொண்டு படியிறங்குகிறான். அம்மா நிலைப்படியில் நிற்கிறாள். "சும்மா நின்னு பாருங்கம்மா, அது போதும்" என்றார் இயக்குநர். இளைஞர்தான், மரியாதையாகப் பேசினார். கேமரா ஓடியது. பையன் திரும்பிப் பார்த்தான். அம்மாவால் சும்மா நிற்க முடியவில்லை. உதட்டை அசைத்தாள். "பாத்துப் போயிட்டு வா சாமி. போனதும் போன் பண்ணு."

நான் அவிநாசி பஸ் ஏறும்போதெல்லாம் எனக்குச் சொல்வது அது. இயக்குநர் எழுந்து வந்து, "அந்த உதடு அசைஞ்சது ரொம்ப நல்லாருந்ததும்மா. அப்படியே வெச்சுக்கலாம்" என்றார். இரண்டு மூன்று கோணங்களில் திரும்பத் திரும்ப எடுத்தார்கள். ஒவ்வொரு தடவையும் அம்மா அதையே சொன்னாள்.

படம் வெளியானபோது நாங்கள் நான்கு பேர் போனோம். அம்மா, அப்பா, நான், என் வீட்டுக்காரர். அம்மா முதல் படத்தில் வாங்கிய சேலையைக் கட்டியிருந்தாள். தியேட்டரில் பாதிக்கும் குறைவாகத்தான் கூட்டம். அம்மாவின் முதல் இரண்டு காட்சிகள் வந்துபோயின. சோறு போடுகிறாள், துணி காயப்போடுகிறாள். அப்பா ஒவ்வொன்றுக்கும் என் கையைத் தட்டினார். அப்புறம் அந்த நிலைப்படி வந்தது. பையன் திரும்பிப் பார்த்தான். திரை முழுவதும் அம்மாவின் முகம்.

அம்மா பேசினாள்.

"எஞ் சாமீ... இந்தப் பாவி மகள உட்டுப்போட்டுப் போறியா கண்ணு..."

அழுகை கலந்த, தடித்த, யாரோ ஒரு பெண்ணின் குரல். எங்கள் ஊர்ப் பேச்சுபோல இருக்க வேண்டும் என்று இழுத்து இழுத்துப் பேசியிருந்தாள். திரையில் அம்மாவின் உதடு "போனதும் போன் பண்ணு" என்கிறது. எனக்கு அது தெளிவாகத் தெரிகிறது. காதிலோ வேறு ஏதோ ஓலம் கேட்கிறது. அப்பா இருக்கையிலிருந்து பாதி எழுந்துவிட்டார். அம்மா பின்னால் திரும்பிப் பார்த்தாள். பின் வரிசையில் யாரோ பேசுகிறார்கள் என்று நினைத்தவள்போலத் திரும்பினாள். பிறகு மெதுவாகத் திரையின் பக்கம் திரும்பிக்கொண்டாள். அதற்கப்புறம் படம் முடியும்வரை அசையவில்லை.

வெளியே வந்ததும் என் வீட்டுக்காரர்தான் ஏதாவது பேச வேண்டுமே என்று, "அத்தை, காப்பி குடிக்கலாமுங்களா?" என்றார். அம்மா தலையசைத்தாள். காப்பி குடித்தோம்.

அடுத்த நாள் காலையிலிருந்து போன்கள். படத்தைப் பார்த்தவர்கள், பார்த்தவர்கள் சொல்லிக் கேட்டவர்கள். உறவுக்காரர்கள் பாதிப் பேர் அம்மாவுக்குப் பேச்சு வந்துவிட்டது என்றே நம்பிவிட்டார்கள். அம்மாவின் அண்ணி, எங்கள் அத்தை, ஆப்பிள் பையோடு வீட்டுக்கே வந்துவிட்டாள். வாசலில் செருப்பைக் கழற்றும்போதே ஆரம்பித்தாள்.

"ஏனுங்க அம்மிணி, இத்தன நல்ல சேதிய ஒரு வார்த்த சொல்லக்கூடாதுங்களா? என்ன ஆப்ரேசன் பண்ணுனீங்க? எங்க பண்ணுனீங்க? ஒருக்கா பேசுங்க, என்ற காது குளுரக் கேக்கறேன்."

அப்பா எழுந்து கொல்லைப்பக்கம் போய்விட்டார். அம்மா அத்தையின் கையைப் பிடித்து உட்காரவைத்தாள். கழுத்துத் துணியைக் கொஞ்சம் தூக்கித் துளையைக் காட்டினாள். "அது வேற ஆளு பேசுனதுங்கத்தை" என்று நான் சொன்னேன். அத்தைக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. அவள்தான் அழுதாள். அம்மா அவளுக்கு ஆப்பிளை நறுக்கிக் கொடுத்தாள்.

சாயங்காலம் தேனிப் பெண் வீடியோ காலில் வந்தாள். கண்ணெல்லாம் வீங்கியிருந்தது.

"எனக்கே தெரியாது ஆன்ட்டி. டப்பிங் நடந்தப்போ என்னை வேற வேலைக்கு அனுப்பிட்டாங்க. உதடு அசையுது, வசனம் இல்லைன்னா ஆடியன்ஸ் சவுண்டு போச்சுன்னு கத்துவாங்கன்னு யாரோ சொல்லி..." அதற்கு மேல் அவளால் சொல்ல முடியவில்லை.

அம்மா உதட்டை நிதானமாக அசைத்தாள். அந்தப் பெண்ணும் இதற்குள் படிக்கக் கற்றிருந்தாள். "அழுவாத கண்ணு. நல்லாத்தான் பேசறா."

அம்மாவின் நிஜமான குரல் எங்காவது இருக்கிறதா என்று நான் தேட ஆரம்பித்தது அதற்குப் பிறகுதான். குரல் இருந்த காலத்தில் அவள் கையில் இருந்தது பட்டன் போன். வாட்ஸாப்பில் பேசி அனுப்பும் பழக்கம் அவளுக்குக் கிடையாது. என் கல்யாண சி.டி.யில் முழுக்கப் பாட்டுதான் ஓடும். அப்பாவின் பழைய போன் கிணற்று மோட்டார் தொட்டியில் விழுந்து செத்துப்போனது. கடைசியில் என் பையனின் பிறந்தநாள் வீடியோ ஒன்று என் வீட்டுக்காரரின் கணினியில் கிடைத்தது. கேக்கைச் சுற்றி நின்று எல்லோரும் வாழ்த்துப் பாடுகிறார்கள். அம்மாவும் நிற்கிறாள், வாயைத் திறந்து பாடுகிறாள். அந்தக் கூச்சலில் எது அவள் குரல் என்று பிரித்தெடுக்க முடியவில்லை. ஹெட்போனை மாட்டிக்கொண்டு எத்தனையோ முறை கேட்டேன். ஒரு தடவை இதுதான் என்று தோன்றும். அடுத்த தடவை அது என் நாத்தனாரின் குரல் என்று தெரியும்.

ஒரு மத்தியானம் சொல்லாமல் பீளமேட்டுக்குப் போனேன். முன்கதவு திறந்திருந்தது. உள்ளே அந்தக் குரல் கேட்டது. "எஞ் சாமீ..." அம்மா கட்டிலில் உட்கார்ந்து, போனை மடியில் வைத்து, அந்தக் காட்சியைப் போட்டிருந்தாள். யாரோ அதை மட்டும் வெட்டி அனுப்பியிருந்தார்கள். குரலுக்குத் தகுந்தபடி அவள் உதட்டை அசைத்துக்கொண்டிருந்தாள். இந்தத் தடவை சரியாகப் பொருந்தியது. பாவி மகள, உட்டுப்போட்டு, போறியா கண்ணு. முடிந்ததும் மறுபடி முதலிலிருந்து. நான் வந்ததை அவள் கவனிக்கவில்லை.

எனக்குப் பின்னால் அப்பா வந்தார். கடைக்குப் போய்விட்டு வருகிறார். கையில் இருந்த பையைக் கீழே வைத்தவர், நேரே போய் போனைப் பிடுங்கி அணைத்தார்.

"எத்தன தடவ சொல்றது புள்ள? அது உன்ற கொரலு இல்ல. அந்தக் கருமத்த எதுக்குக் கேட்டுக்கேட்டு உக்காந்திருக்கற?"

அவர் அம்மாவிடம் அப்படிக் குரல் உயர்த்தி நான் பார்த்ததில்லை. அம்மாவுக்குக் கோபம் வரவில்லை. அவரை அண்ணாந்து பார்த்து, மெதுவாக, உதட்டில் ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னாள்.

"என்ற கொரலு எப்படி இருந்துச்சுன்னு எனக்கே மறந்துபோச்சுங்க."

அப்பா அவள் பக்கத்தில் உட்கார்ந்தார். போனை அவள் மடியில் திருப்பி வைத்தார். அவள் அதைத் தொடவில்லை. நான் சமையலறைக்குப் போய் அடுப்பைப் பற்றவைத்தேன். டீ போடத்தான் வந்தவள்போல.

தேனிப் பெண் சும்மா இருக்கவில்லை. அந்த வேலையை விட்டுவிட்டு வந்து, தானே ஒரு படம் எடுக்கப்போவதாகச் சொன்னாள். இதில் யாருக்கும் குரல் கிடையாது, இசைகூடக் கிடையாது என்றாள். ஒரு பெண் மகள் வீட்டுக்குப் பஸ்ஸில் போகிறாள், அங்கே ஒரு பகல் இருந்துவிட்டுத் திரும்புகிறாள். கதை அவ்வளவுதான். மகள் வீட்டுக்கு அவிநாசியில் எங்கள் வீட்டையே கேட்டாள். என்னையே மகளாக நடிக்கச் சொன்னாள். எனக்குக் கூச்சம். அம்மா என் தாடையைப் பிடித்து ஆட்டி, நீ சும்மா நில், நான் பார்த்துக்கொள்கிறேன் என்றாள்.

அவிநாசி பஸ் ஸ்டாண்டில் ஒரு காலை எடுத்தார்கள். அம்மா பஸ்ஸிலிருந்து இறங்கி, வெயிலுக்குக் கையை நெற்றியில் வைத்து, என்னைத் தேட வேண்டும். தேடினாள். கூட்டத்தில் என்னைக் கண்டுபிடித்ததும் அவள் முகம் மாறியதை நான் எதிரில் நின்று பார்த்தேன். நடிப்புதான் என்று தெரிந்தும் ஓடிப்போய்ப் பையை வாங்கிக்கொண்டேன். அடுத்ததாகத் தேர்வீதியில் நாங்கள் சேர்ந்து நடந்துவர வேண்டும். பாதி வீதியில் அம்மாவுக்கு இருமல் வந்தது. நிற்கவில்லை. ஒரு கடைப் படியில் உட்காரவைத்தோம். அன்று அவள் கட்டியிருந்தது மஞ்சள் நிறக் கழுத்துத் துணி. அதில் ரத்தம் தெரிந்தது.

நோய் நுரையீரலுக்குப் பரவியிருந்தது. இந்தத் தடவை டாக்டர் சிரிக்கவில்லை. வீட்டிலேயே வைத்துக்கொள்ளுங்கள் என்றார். தேனிப் பெண் மாடியிலேயே வந்து தங்கிக்கொண்டாள். கேமராவை எடுக்கவே இல்லை. அம்மாவின் கழுத்துக் குழாயைச் சுத்தம் செய்ய என்னிடமே கற்றுக்கொண்டு, நான் ஆபீஸ் போகும் நாட்களில் அவள் செய்தாள். கடைசி வாரங்களில் அம்மாவுக்கு உதட்டை அசைக்கவும் தெம்பில்லை. புருவம் மட்டும்தான். தண்ணீர் வேண்டுமென்றால் ஒரு மாதிரி, அப்பா எங்கே என்றால் இன்னொரு மாதிரி. மார்கழி பிறந்த முதல் வாரத்தில், அப்பா கஞ்சி ஆற்றிக்கொண்டு வருவதற்குள் போய்விட்டாள். நான் பக்கத்தில்தான் இருந்தேன். எந்தச் சத்தமும் இல்லாததால் எப்போது போனாள் என்று எனக்கே சரியாகத் தெரியவில்லை.

அன்று முழுவதும் உறவுக்காரர்களின் வாட்ஸாப் ஸ்டேட்டஸில் அம்மாதான். ஆழ்ந்த இரங்கல் என்று எழுதி, எல்லோரும் அந்த நிலைப்படிக் காட்சியைத்தான் போட்டிருந்தார்கள். உடலை எடுக்கும் முன்பு வாசலில் போட்ட நாற்காலிகளில் ஆங்காங்கே போன்கள் ஒலித்தன. ஒரு பக்கம் அம்மாவின் உடல். மறுபக்கம் "உட்டுப்போட்டுப் போறியா கண்ணு" என்று யாரோ ஒருத்தியின் அழுகை. யாரையும் குறைசொல்ல முடியாது. அவர்களுக்குக் கிடைத்தது அது ஒன்றுதான். கேட்டு உண்மையாகவே அழுதார்கள்.

காரியம் முடிந்தபின் தேனிப் பெண் அப்பாவிடம் மடிக்கணினியைக் கொண்டுவந்து, எடுத்தவரைக்கும் காட்டினாள். பஸ்ஸிலிருந்து இறங்குவது, தேடுவது, கண்டுபிடிப்பது. வேறு யாரையாவது தூரத்தில் நடக்கவிட்டு மிச்சத்தை முடித்துவிடலாம், முடிக்கட்டுமா என்று கேட்டாள். அப்பா யோசித்தார்.

"வேண்டாமுங்க அம்மணி. அவ வந்து எறங்குன மட்டும் இருக்கட்டும்."

அவள் சரி என்றாள். இப்போது சென்னையில் இருக்கிறாள். விசேஷ நாட்களில் அப்பாவுக்குப் போன் செய்கிறாள். சொந்தப் படத்துக்கு இன்னும் தயாரிப்பாளர் யாரும் அமையவில்லை.

அப்பாவைத் தனியே விட மனமில்லாமல் நான் சனிக்கிழமைதோறும் பீளமேட்டுக்குப் போய் இருந்துவிட்டு வருகிறேன். போன மாதம் ஒருநாள் இருவரும் அவரைக்காய் ஆய்ந்துகொண்டு உட்கார்ந்திருந்தோம். கொஞ்ச நாளாகவே எனக்கு ஒரு தொல்லை. அம்மா பழையபடி பேசியதை எதை நினைத்தாலும், ஆஸ்பத்திரியில் கேஸ் புக் பண்ணச் சொன்னதை நினைத்தால்கூட, அந்தப் படத்துப் பெண்ணின் குரலில்தான் கேட்கிறது. தலையை உதறினாலும் போவதில்லை. அதை அன்று அப்பாவிடம் சொல்லிவிட்டேன்.

"உங்களுக்கு ஞாபகம் இருக்குதுங்களாப்பா, அம்மா கொரலு?"

"இல்லாம? முப்பத்தஞ்சு வருசம் கேட்டவனாச்சே கண்ணு."

"ஒருக்காச் சொல்லிக் காட்டுங்கப்பா. உங்களக் கூப்புடுவாங்கல்ல, அது மாதிரி."

அவர் அவரைக்காயைத் தட்டில் வைத்தார். வெட்கப்பட்டதுபோல ஜன்னல் பக்கம் பார்த்தார். தொண்டையைச் செருமிக்கொண்டு, மெல்லிய குரலில், "ஏனுங்கோவ்" என்றார். உடனே தலையை ஆட்டினார். "இப்படி இல்ல. கடைசில கொஞ்சம் மேல போகும்." மறுபடி முயன்றார். "ஏனுங்..." பாதியில் நின்றார். கண்ணை மூடிக்கொண்டு, தலையைச் சாய்த்து, சமையலறைப் பக்கம் காது கொடுப்பவர்போல வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். உதடு மட்டும் அசைந்தது. என்ன சொல்கிறார் என்று எனக்குத் தெரிந்தது. சத்தம்தான் வரவில்லை.

"இன்னொரு நாளைக்குச் சொல்றேன் கண்ணு" என்றார்.

அவரைக்காயை எடுத்துக்கொண்டு நான் அடுப்படிக்குப் போனேன். அதற்கப்புறம் நான்கைந்து சனிக்கிழமைகள் போய்விட்டன. நானும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.